ஏழு மீன்கள் செத்ததற்கு விளக்கம்

முப்பத்தாறு கோடி வருஷத்துக்கு முன்னால் செத்துப்போன மீனை நீ ஏன் சாகவிட்டாய் என்று ஒரு மனுஷனிடம் விளக்கம் கேட்டார்கள். கேட்டவர்கள் யாரும் பைத்தியம் இல்லை. எல்லாரும் நாலெழுத்துப் படித்தவர்கள், சட்டைப்பையில் இரண்டு பேனா குத்தியிருப்பவர்கள். படிக்காதவனுக்கு இப்படிக் கேட்க வாய் வருமா? வராது. அதற்கெல்லாம் படிப்பு வேண்டும்.

அந்த மனுஷன் ஒரு மியூசியத்தில் நாலாம் நம்பர் அறைக்குக் காவலர். இருபத்திரண்டு வருஷமாக ஒரே அறை, ஒரே ஸ்டூல். ஸ்டூலுக்கு மூன்று கால் சரி, நாலாவது காலுக்கு அடியில் மடித்த அட்டை. அறைக்கு நடுவில் ஒரு கண்ணாடி அலமாரி. அலமாரிக்குள் ஏழு கல். எட்டு என்று சொல்கிறவர்கள் உண்டு; அவர்கள் ஓரத்தில் கிடக்கிற ஈரம் உறிஞ்சுகிற பொட்டலத்தையும் சேர்த்து எண்ணியவர்கள். ஏழுதான். ஒன்று குதிரை லாடம் மாதிரி இருக்கும். அதன் உச்சியில் இரண்டு கண் குழி, சட்டைப் பொத்தானின் ஓட்டை மாதிரி ஒட்டி ஒட்டி. இன்னொன்று தேய்ந்த செருப்பு மாதிரி. மற்றதெல்லாம் பார்த்தால் கல், பார்க்காவிட்டாலும் கல்.

காலையில் கதவைத் திறந்ததும் அவர் பழைய லைனிங் துணியால் கண்ணாடியைத் துடைப்பார். துணி அவர் பெண்சாதி கொடுத்தது. அந்த அம்மாள் தையல்காரி. மியூசியத்துக்குப் பின்னால் ஊழியர் குவார்ட்டர்ஸில் ஒன்றரை அறை. அந்த அரை அறைதான் தையல்கடை. இரண்டு மணிக்கு மேலே ஜன்னலில் வெயில் இறங்கும், அவர் எழுந்து திரையை இழுத்துவிடுவார். வெயிலில் கல்லுக்கு ஒன்றும் ஆகாது. ஆனாலும் பொறுப்பு என்று ஒன்று இருக்கிறதே.

அந்தக் கல்லுக்கெல்லாம் சேர்த்து ஒரு பேர் உண்டு. ஆஸ்ட்ரகோடெர்ம். வேலையில் சேர்ந்த புதிதில் அந்தப் பேரைச் சொல்லப் போய், பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் சிரித்து மானம் போயிற்று. மனுஷன் விடவில்லை. சைக்கிளில் போகும்போது ஒரு மிதிக்கு ஒரு எழுத்து என்று சொல்லிச் சொல்லிப் பழகினார். ஒரு மாசத்தில் அந்தப் பேர் அவர் வாயில் தண்ணீராய் ஓடியது. அப்புறம் ஆபீசில் அவர் பேரே ஆஸ்ட்ரா ஆகிவிட்டது. அப்பா அம்மா வைத்த பேர் சம்பளப் பட்டியலில் மட்டும் இருக்கிறது.

யார் அறைக்குள் வந்தாலும் கை கண்ணாடிக்குப் போகும். மனுஷக் கையின் புத்தி அது. கை போனதும் ஆஸ்ட்ரா ஆரம்பிப்பார்.

"கண்ணாடியைத் தொடாதீங்க! இதுக்குப் பேரு ஆஸ்ட்ரகோடெர்ம். ஆஸ்ட்ரகோன்னா ஓடு, டெர்ம்னா தோலு. ஓட்டுத்தோல் மீன். தலை பூரா எலும்புத் தகடு, ஹெல்மெட் மாட்டின மாதிரி. தலைதான் கெட்டி, தாடை கிடையாது. கடிக்க முடியாது, மெல்ல முடியாது. சேத்துல வாயை வச்சு உறிஞ்சும், அவ்வளவுதான். கடைசி மீன் செத்து முப்பத்தாறு கோடி வருஷம் ஆச்சு. இப்ப உலகத்துல ஒண்ணுகூட இல்ல. அடுத்த அறை இடது பக்கம்."

ஒரே மூச்சு. ஒரு வார்த்தை கூடாது, குறையாது. நாளைக்கு இருபது தடவை சொன்னாலும் முதல் தடவை சொல்கிற மாதிரியே இருக்கும்.

ஆனால் இதே மனுஷன் ஒரு அதிகாரி முன்னால் நின்றால்? போச்சு. நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும். குவார்ட்டர்ஸ் கூரை ஒழுகுகிறது என்று சொல்ல ஹெட்கிளார்க் அறைக்குப் போனவர், ஞாயிற்றுக்கிழமையும் டியூட்டி பார்க்கிறேன் என்று ஒத்துக்கொண்டு வந்தார். கூரையைப் பற்றி ஒரு சொல் கிடையாது. தையல் மெஷினுக்கு மேல் சொட்டுச் சொட்டாய் விழுகிறது. பெண்சாதி மெஷினைத் தள்ளிப் போட்டுக்கொண்டே கேட்டாள்.

"என்னங்க சொன்னாரு?"

"பாக்கலாம்னாரு."

"எதைப் பாக்கலாம்னாரு?"

"ஞாயித்துக்கிழமையைப் பாக்கலாம்னாரு."

அந்த அம்மாள் ஊசியில் நூல் கோத்துக்கொண்டே சொன்னாள்: "அலமாரிக்குள்ள ஏழு. வெளியில ஒண்ணு. ஆக மொத்தம் எட்டு."

ஆஸ்ட்ரகோடெர்ம் என்கிற பேர் ஆபீசில் வேறு மாதிரியும் புழங்கியது. கையெழுத்துப் போடாமல் இழுத்தடிக்கிறவர், கேட்டதற்கு வாய் திறக்காதவர், தலைக்கனம் பிடித்தவர், எல்லாருக்கும் அந்தப் பேர்தான். "மேலே ஒரு ஆஸ்ட்ரகோடெர்ம் உக்காந்திருக்கு, கடிக்கவும் கடிக்காது, முழுங்கவும் முழுங்காது" என்று டீ குடிக்கிற இடத்தில் பேசிக்கொள்வார்கள். அந்த மேலே உட்கார்ந்திருந்தது ஹெட்கிளார்க். அவருக்கு விஷயம் தெரியாது. நாலாம் நம்பர் அறைக்கு அவர் ஒரு நாளும் வந்ததில்லை. தான் வரும்போதெல்லாம் "ஆஸ்ட்ரகோடெர்ம் வருது" என்று யாரோ சொல்ல எல்லாரும் எழுந்து நிற்பதைப் பார்த்து, ஏதோ மரியாதைப் பட்டம் போலிருக்கிறது என்று உள்ளுக்குள் பூரித்துக்கொண்டிருந்தார்.

இனி ஒரு படிவத்துக்கு வருவோம். வினை அங்கேதான் ஆரம்பித்தது.

மியூசியத்தின் கீழ்த்தளத்தில் தொட்டி மீன் கூடம் ஒன்று உண்டு. உயிருள்ள மீன்கள். அங்கே வருஷா வருஷம் ஒரு படிவம் நிரப்ப வேண்டும். வருஷத் தொடக்கத்தில் எத்தனை, பிறப்பு எத்தனை, இறப்பு எத்தனை, வருஷக் கடைசியில் எத்தனை, என்ன தின்றது, ஆரோக்கியம் எப்படி. எவனோ ஒரு புண்ணியவான் தொட்டி மீனும் மீன்தான், கல் மீனும் மீன்தான் என்று சொல்லி அதே படிவத்தை மாடிக்கும் அனுப்பிவிட்டான். அவன் செத்தே போயிருப்பான். படிவம் சாகவில்லை.

ஆஸ்ட்ரா அதை இருபத்திரண்டு வருஷம் பயபக்தியோடு நிரப்பினார். தொடக்கத்தில் ஏழு. பிறப்பு இல்லை. இறப்பு இல்லை. கடைசியில் ஏழு. ஆரோக்கியம்: மாற்றம் இல்லை. தீனி: இல்லை. ஒரு வருஷம், தீனி ஏன் கொடுக்கப்படவில்லை என்று தலைமை அலுவலகத்திலிருந்து கேள்வி வந்தது. "தாடை இல்லாததால் உண்பதில்லை" என்று பதில் போயிற்று. திருப்திகரம் என்று குறிப்பெழுதி முடித்துவிட்டார்கள்.

அதற்கும் மேலே கேளுங்கள். கீழே தொட்டிக் கூடத்தில் வாரத்துக்கு நாலு மீன் வயிற்றைக் காட்டி மிதக்கும். மாடியில் இருபது வருஷமாக ஒரு சாவு கிடையாது. தலைமை அலுவலகத்தில் இரண்டு படிவத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். ஆஸ்ட்ராவுக்குச் சிறந்த பராமரிப்பாளர் என்று ஒரு சான்றிதழ் வந்துவிட்டது. அதைப் பெண்சாதி சட்டம் போட்டுத் தையல் மெஷினுக்கு மேலே, ஒழுகாத பக்கமாகப் பார்த்து மாட்டினாள். அளவு கொடுக்க வருகிறவர்கள் எல்லாம் அதைப் பார்த்துவிட்டு, "உங்க வீட்டுக்காரர் மீன் வளர்க்கிறதுல கெட்டிக்காரராமே" என்பார்கள்.

இப்படி ஓடிக்கொண்டிருந்த வண்டிக்குக் குறுக்கே வந்தாள் ஒரு ஆராய்ச்சிப் பெண். மியூசியத்துக் கல்லையெல்லாம் பார்த்துப் பேர் சரியா தப்பா என்று சொல்ல வந்தவள். கொண்டையில் பென்சில் குத்தியிருப்பாள், அதையே தேடிக்கொண்டும் இருப்பாள். நல்ல பிள்ளை, குறை சொல்ல முடியாது. அலமாரியைத் திறந்து ஏழு கல்லையும் நாள் முழுக்கப் பார்த்துவிட்டு, "அண்ணே, இந்தப் பேரை எடுத்துடணும்" என்றாள்.

ஆஸ்ட்ரா ஸ்டூலை விட்டு எழுந்தார். "எந்தப் பேரை மேடம்?"

"ஆஸ்ட்ரகோடெர்ம்ங்கற பேரைத்தான். அது ஒரு குடும்பத்தோட பேர் இல்லண்ணே. மழை நாள்ல பஸ் ஸ்டாப்புல பத்துப் பேரு குடையோட நிக்கறாங்கன்னு வைங்க. பத்துப் பேரும் ஒரே குடும்பமா?"

"அது எப்படி மேடம் ஆகும்?"

"அதான். அந்தக் காலத்துல கடல்லயும் ஆத்துலயும் எவனெவனுக்கோ தலையில ஓடு இருந்துச்சு, தாடை இல்லாம இருந்துச்சு. அதைப் பாத்துட்டு எல்லாத்தையும் ஒரே குடும்பம்னு எழுதிட்டாங்க. உள்ளே போய்ப் பாத்தா ஒண்ணு ஒரு பக்கம், இன்னொண்ணு வேற பக்கம். இந்த லாடம் மாதிரி இருக்கே, இது அந்தச் செருப்புக்கு உறவுங்கறதைவிட, தாடை இருக்கற மீனுக்குத்தான் கிட்டத்து உறவு. ஓடு இருக்கேன்னு இங்க உக்காத்தி வச்சிருக்கோம்."

"அப்ப நான் இருபத்திரண்டு வருஷமா பொய்யா சொன்னேன்?"

"ஐயோ, பொய் இல்லண்ணே. ஓடு நெஜம், தோல் நெஜம், தாடை இல்லாதது நெஜம். பேசறதுக்கு நல்ல வார்த்தை. உறவு சொல்றதுக்குத்தான் உதவாது. நாங்களே பேசும்போது சொல்லுவோம். எழுதும்போது ரெண்டு பக்கமும் சின்னதா கொக்கி போட்டு எழுதுவோம். 'இப்படிச் சொல்றது வழக்கம், ஆனா நான் ஜவாப்தாரி இல்ல'ன்னு அர்த்தம்."

அவள் ஆபீசுக்கு ஒரு குறிப்பு அனுப்பினாள். ஆஸ்ட்ரகோடெர்ம் என்கிற தலைப்பு நீக்கப்படுகிறது, ஏழு கல்லும் இனிமேல் மூன்று தலைப்பின் கீழே வரும் என்று. மூன்று பேரும் வாயில் நுழையாது, விடுங்கள்.

குறிப்பு ஹெட்கிளார்க் மேஜைக்கு வந்தது. அவர் ஒழுங்கான மனுஷர். பழைய தலைப்பில் ஏழு இருக்கிறது, அது பூஜ்யம் ஆக வேண்டும். புதுத் தலைப்புகளில் பூஜ்யம் இருக்கிறது, அது ஏழு ஆக வேண்டும். படிவத்தைப் பார்த்தார். இடமாற்றம் என்று ஒரு கட்டம் இல்லை. மீனை யார் இடமாற்றம் செய்கிறார்கள்? அது மனுஷனுக்குத்தானே. எண்ணிக்கை குறைய ஒரே கட்டம்தான் இருந்தது: இறப்பு. அதில் ஏழு என்று எழுதினார். எண்ணிக்கை கூட ஒரே கட்டம்தான் இருந்தது: பிறப்பு. அதிலும் ஏழு எழுதினார். முத்திரை குத்தினார். அனுப்பிவிட்டு டீ குடிக்கப் போனார்.

ஏழு பிறந்ததற்கு ஒருவரும் வாழ்த்துச் சொல்லவில்லை. ஏழு செத்ததற்கு மட்டும் மெமோ வந்தது.

பெண்சாதிதான் பிரித்துப் படித்தாள். இருபத்திரண்டு வருடம் ஒரு மரணமும் இல்லாத அறையில் ஒரே நாளில் ஏழு மீன்களும் மரணமடைந்திருக்கின்றன. கால்நடை மருத்துவருக்கு ஏன் தகவல் சொல்லவில்லை? உடல்கள் எங்கே? விசாரணை அதிகாரி நேரில் வருவார். அவர் முன்னால் காவலர் தாமே வாய் திறந்து விளக்கம் சொல்ல வேண்டும். விளக்கம் இல்லையென்றால் வேலை நீக்கம். குவார்ட்டர்ஸைப் பத்து நாளில் காலி செய்ய வேண்டும்.

"உடல் எங்கேன்னு கேக்கறாங்க" என்றாள் அவள்.

"அலமாரியில."

"அப்படிச் சொல்லிடாதீங்க. ஏன் நாறலைன்னு அடுத்த மெமோ வரும்."

சிரித்துவிட்டாளே தவிர, கை மெஷினை விட்டு எடுக்கவில்லை. அந்த அரை அறையில்தான் அவள் ஊரில் பாதிப் பேருக்கு அளவு எடுத்திருக்கிறாள். சுவரில் பென்சிலால் எழுதின அளவெல்லாம் இருக்கிறது. யாருக்கு எத்தனை இடுப்பு என்பது அந்தச் சுவருக்குத்தான் தெரியும். பத்து நாளில் சுவரையா தூக்கிக்கொண்டு போவது?

ஆஸ்ட்ரா ஹெட்கிளார்க்கைப் பார்க்கப் போனார். இந்தத் தடவை வாய் கொஞ்சம் திறந்தது. "சார், செத்துப்போச்சுன்னு..."

"யோவ், நான் செத்துப்போச்சுன்னா எழுதினேன்? அந்தக் கட்டத்துல எழுதினேன். வேற கட்டம் இருந்தா நீயே காட்டு."

"அடிச்சுட்டு எழுதினா..."

"அடிச்சா நான் தப்பா எழுதினேன்னு ஆகுமா ஆகாதா? அப்புறம் மெமோ எனக்கு வரும். உனக்கு வந்ததை நான் ஏன்யா வாங்கிக்கணும்? போய் ஸ்டூல்ல உக்காரு. இருக்கறவரைக்கும் உக்காரு."

ஆராய்ச்சிப் பெண்ணுக்கு அழுகையே வந்துவிட்டது. தன்னால் வந்ததாயிற்றே. ராவோடு ராவாக, இல்லை, பட்டப்பகலில்தான், இரண்டு பக்கம் எழுதினாள். இவை கல்லாகிப்போனவை, இந்த மீன்கள் உலகத்தை விட்டே முற்றிலும் அழிந்துபோனவை என்று விலாவாரியாக எழுதினாள். நாலு நாளில் பதில் வந்தது. மரணம் நடந்ததைச் சம்பந்தப்பட்ட நிபுணரே எழுத்துமூலம் ஒப்புக்கொண்டிருப்பதால், குற்றச்சாட்டு வலுப்பெறுகிறது. கிணறு வெட்டப் பூதம் கிளம்பின கதைதான்.

"இனிமே நான் ஒண்ணும் எழுதலண்ணே" என்றாள் அந்தப் பிள்ளை. "நீங்கதான் பேசணும்."

பேசுவதாம். வீட்டில் ஒத்திகை நடந்தது. சட்டை மாட்டிப் பார்க்கிற தையல் பொம்மையை நடு அறையில் நிறுத்தி, பெண்சாதி தன் மூக்குக்கண்ணாடியை அதன் கழுத்துக் கட்டையில் மாட்டினாள். "இதுதான் விசாரணை அதிகாரி. பேசுங்க."

"வணக்கம் சார்."

"ம்."

"வணக்கம் சார்..."

"அதைச் சொல்லியாச்சு. மேலே."

மேலே ஒன்றும் வரவில்லை. மனுஷன் மென்றார், முழுங்கினார். தலையில்லாத பொம்மைக்கே பயப்படுகிறவர் தலை உள்ள அதிகாரியிடம் என்ன பேசுவார்? "வாயுள்ள பிள்ளை பிழைக்கும்பாங்க" என்றாள் அவள். "எனக்கு வாய்ச்சது ஓடு உள்ள பிள்ளை." அப்புறம் அவர் முகத்தைப் பார்த்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றிக்கொண்டாள். "விடுங்க. நாளைக்குப் பாத்துக்கலாம்."

அந்த நாளைக்கும் வந்தது.

விசாரணை அதிகாரி ஒல்லி. நெற்றியை நிமிஷத்துக்கு ஒரு தரம் கைக்குட்டையால் ஒற்றிக்கொள்வார். கூடவே கீழே தொட்டிக் கூடத்திலிருந்து கால்நடை டாக்டர், கையில் பையோடு. பதிவேட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஹெட்கிளார்க். முதல் முறையாக நாலாம் நம்பர் அறைக்குள் காலை வைக்கிறார். ஓரத்தில் ஆராய்ச்சிப் பெண். வெளியாட்களுக்கு அனுமதி இல்லை என்பதால், திரைச்சீலைக்கு அளவெடுக்க வந்ததாகச் சொல்லி, இஞ்ச் டேப்போடு வாசற்படியில் நின்றாள் தையல்காரி. அந்த ஜன்னலின் அளவு அவளுக்கு மனப்பாடம். ஆனாலும் நாலு தரம் அளந்தாள்.

முதலில் டாக்டரைக் கூப்பிட்டார்கள். அலமாரியைத் திறந்து லாடம் மாதிரி இருந்ததை எடுத்துப் புரட்டிப் பார்த்தார், தட்டிப் பார்த்தார். இன்னும் ஏழு மாசத்தில் ஓய்வு பெறப் போகிற மனுஷர். கேட்டதற்கு மட்டும் பதில் சொல்வது என்று முடிவு பண்ணியிருந்தார்.

"உயிர் இருக்கா?"

"இல்ல."

"உடம்பு எப்படி இருக்கு?"

"விறைப்பா இருக்கு."

"எவ்வளவு நேரமா?"

"ரொம்ப நேரமா."

ஹெட்கிளார்க் எல்லாவற்றையும் எழுதிக்கொண்டார். டாக்டர் கல்லைத் திரும்ப வைத்து, அலமாரியை மூடி, கையைக் கழுவ எங்கே தண்ணீர் என்று கேட்டுக்கொண்டு போய்விட்டார். கல்லைத் தொட்டதற்குக் கை கழுவினவர் அவர் ஒருத்தர்தான்.

அதிகாரி ஆஸ்ட்ரா பக்கம் திரும்பினார். "உங்க விளக்கம்?"

ஆஸ்ட்ரா வாயைத் திறந்தார். மூடினார். திறந்தார். கரையில் போட்ட மீன் கூட இன்னும் கொஞ்சம் சத்தம் போடும்.

"சொல்லுங்க."

சுவரில் பென்சிலால் எழுதின அளவெல்லாம் மனுஷனின் கண்ணுக்குள்ளே ஓடுகிறது. வாசற்படியில் தையல்காரி இஞ்ச் டேப்பின் நுனியைப் பல்லில் கடித்துக்கொண்டாள்.

"அப்ப விளக்கம் எதுவும் இல்லைன்னு எழுதிக்கலாமா?" என்றார் அதிகாரி. ஹெட்கிளார்க் பேனாவை எடுத்தார். அவர் அந்தக் காரியத்தில் மட்டும் சுறுசுறுப்பு.

அதிகாரி அதற்குள் அலமாரிப் பக்கம் போனார். செத்த மீனை ஒரு தரம் நன்றாகப் பார்த்துவிடலாம் என்று நினைத்தாரோ என்னவோ. குனிந்தார். வேர்த்த உள்ளங்கையைப் பச்சக்கென்று கண்ணாடியில் ஊன்றினார்.

"கண்ணாடியைத் தொடாதீங்க!"

அறையே அதிர்ந்தது. அதிகாரி கையைச் சுட்டதுபோல் இழுத்துக்கொண்டு, இரண்டு கையையும் பின்னால் கட்டி நின்றார். எத்தனை பெரிய அதிகாரியாக இருந்தால் என்ன, அந்தக் குரலுக்கு எல்லாரும் மூன்றாம் வகுப்புப் பிள்ளைதான். ஆஸ்ட்ராவுக்குத் தான் கத்தியது தனக்கே தெரியாது. ஆனால் முதல் வரி வந்துவிட்டால் அடுத்த வரி நிற்குமா? இருபத்திரண்டு வருஷம் ஓடின தண்ணீர் அது.

"இதுக்குப் பேரு ஆஸ்ட்ரகோடெர்ம். ஆஸ்ட்ரகோன்னா ஓடு, டெர்ம்னா தோலு. ஓட்டுத்தோல் மீன். தலை பூரா எலும்புத் தகடு, ஹெல்மெட் மாட்டின மாதிரி. தலைதான் கெட்டி, தாடை கிடையாது. கடிக்க முடியாது, மெல்ல முடியாது. சேத்துல வாயை வச்சு உறிஞ்சும், அவ்வளவுதான்."

ஹெட்கிளார்க்கின் பேனா பாதியில் நின்றது. அவர் முகம் மெல்ல மெல்ல மாறியது. டீ குடிக்கிற இடம், எல்லாரும் எழுந்து நின்றது, சிரிப்பை அடக்கினது, ஒவ்வொன்றாக அவருக்குள்ளே இறங்குவது வெளியிலிருந்தே தெரிந்தது.

ஆஸ்ட்ரா அதையெல்லாம் கவனிக்கவில்லை. புதிதாகக் கற்றதையும் சேர்த்து ஓடிக்கொண்டிருந்தார். "இது ஒரே குடும்பம் இல்ல சார். பஸ் ஸ்டாப்புல குடையோட நிக்கறவங்க மாதிரி. ஓட்டைப் பாத்து ஒண்ணா வச்சுட்டாங்க. பேசறதுக்கு இந்தப் பேரு, உறவுக்கு வேற பேரு. பேரு மாத்தினாங்க, அவ்வளவுதான். பேரு மாத்தினா யாராவது சாவாங்களா? அது அப்பவே செத்துப்போச்சு. கடைசி மீன் செத்து முப்பத்தாறு கோடி வருஷம் ஆச்சு. இப்ப உலகத்துல ஒண்ணுகூட இல்ல. அடுத்த அறை இடது பக்கம்."

அதிகாரி இடது பக்கமாக இரண்டு அடி எடுத்து வைத்துவிட்டார். அப்புறம்தான் தான் யாரென்று ஞாபகம் வந்து நின்றார். நெற்றியை ஒற்றிக்கொண்டார்.

"எப்ப செத்ததுன்னு சொன்னீங்க?"

"முப்பத்தாறு கோடி வருஷம் சார்."

"இப்படி உத்தேசமா சொல்லக் கூடாது. நீங்க வேலைக்குச் சேர்ந்ததுக்கு முன்னாடியா, பின்னாடியா?"

"முன்னாடி சார்."

"நிச்சயமா?"

"நிச்சயமா முன்னாடிதான் சார்" என்றாள் ஆராய்ச்சிப் பெண். எழுத மாட்டேன் என்றுதானே சொன்னாள், பேச மாட்டேன் என்று சொல்லவில்லை.

அதிகாரியின் முகத்தில் முதல் தடவையாக வெளிச்சம் தட்டியது. கல்லும் மீனும் அவருக்குப் புரியவில்லை. பணியில் சேர்ந்த தேதி புரிந்தது. "அப்ப அந்தச் சமயத்துல இந்த அறைக்குப் பொறுப்பு யாரு?"

ஹெட்கிளார்க் பதிவேட்டைப் பின்னாலிருந்து முன்னால் புரட்டினார். முதல் பக்கம் வந்தது. அதற்கு முன்னால் அட்டைதான். "யாரும் இல்ல சார். பணியிடம் காலியா இருந்திருக்கு."

"அதான்!" என்றார் அதிகாரி. "எழுதுங்க. காவலர் பணியிடம் காலியாக இருந்த காலத்தில் மேற்படி மீன்கள் அனைத்தும் இறந்திருக்கின்றன. இவர் பொறுப்பேற்ற பிறகு ஒரு மரணமும் நிகழவில்லை. ஆகவே இந்தப் பணியிடம் இனி ஒரு நாள்கூடக் காலியாக இருக்கக் கூடாது."

ஹெட்கிளார்க் எழுதினார். எழுதித்தானே ஆக வேண்டும்.

வாய் இன்னும் மூடவில்லை பாருங்கள், ஆஸ்ட்ரா அந்தச் சூட்டிலேயே சொன்னார்: "சார், குவார்ட்டர்ஸ் கூரை ஒழுகுது சார்." அதிகாரி அதையும் எழுதச் சொன்னார். காவலர் அறையை விட்டு அகலாமல் இருக்கும்பொருட்டு அவர் இருப்பிடம் பழுதுபார்க்கப்பட வேண்டும் என்று. வாசற்படியில் இஞ்ச் டேப் தரையில் விழுந்தது.

வேலை நிலைத்தது. வீடு நிலைத்தது. பேரும் நிலைத்தது, ஏனென்றால் அந்தப் பணியிடத்துக்கே ஆஸ்ட்ரகோடெர்ம் காவலர் என்றுதான் உத்தரவில் பேர். பேரை எடுத்தால் பணியிடம் போகும், பணியிடம் போனால் மீன் சாகும் என்று ஆபீஸ் முடிவு பண்ணிவிட்டது. ஆராய்ச்சிப் பெண் புதுச் சீட்டில் மூன்று சரியான பேரையும் எழுதி, மேலே பழைய பேரை இரண்டு பக்கமும் கொக்கி போட்டு எழுதி வைத்தாள். அதைப் பார்த்துச் சம்பளப் பட்டியல் எழுதுகிறவர், அப்படித்தான் எழுத வேண்டும் போலிருக்கிறது என்று ஆஸ்ட்ராவின் பதவிக்கும் இரண்டு பக்கமும் கொக்கி போட்டுவிட்டார். அதாவது, இவரைக் காவலர் என்று சொல்வது வழக்கம், ஜவாப்தாரி யாரும் இல்லை. சம்பளம் வருகிறது, கொக்கி இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டும்.

ஒரே ஒரு குறை. பணியிடம் ஒரு நாள்கூடக் காலியாகக் கூடாது என்பதால் லீவு கிடையாது. கொழுந்தியாள் மகள் கல்யாணத்துக்குப் பெண்சாதி மட்டும் போனாள். வீட்டுக்காரர் ஏன் வரவில்லை என்று கேட்டதற்கு, "அவர் ஒரு நாள் வெளியில வந்தா ஏழு உயிர் போயிடும்" என்றாள். எல்லாரும் பெரிய டாக்டர் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டார்கள். அவளும் இல்லை என்று சொல்லவில்லை.

கூரைக்குக் கொத்தனார் வந்தார், பூசினார், போனார். அடுத்த மழையில் தையல் மெஷினுக்கு மேலே ஒழுகவில்லை. அதற்கு ஒரு முழம் தள்ளி, சான்றிதழ் மாட்டியிருந்த சுவரில் ஒழுகியது.

"போய் ஒரு வார்த்தை சொல்லிட்டு வாங்க. இப்பதான் பேச வந்துடுச்சே" என்றாள்.

ஆஸ்ட்ரா ஹெட்கிளார்க் அறைக்குப் போனார். நின்றார். மென்றார். முழுங்கினார். திரும்பி வந்தார்.

"என்னாச்சு?"

"சனிக்கிழமை சாயங்காலமும் கொஞ்சம் இருந்துட்டுப் போகச் சொன்னாரு."

அந்த அம்மாள் சான்றிதழைக் கழற்றித் துடைத்து, ஒழுகுகிற இடத்துக்கு நேர் கீழே ஒரு கிண்ணத்தை வைத்தாள். "எட்டு" என்றாள். அப்புறம் கொஞ்சம் யோசித்துவிட்டு, "நீங்க அங்க போகாதீங்க. அவரை உங்க அறைக்கு வரவைங்க. கண்ணாடியில கை வச்சாருன்னா எல்லாத்தையும் கேட்டுடலாம்" என்றாள்.

நல்ல யோசனைதான். ஆஸ்ட்ராவும் காத்துக்கொண்டிருக்கிறார். ஹெட்கிளார்க் இப்போதெல்லாம் நாலாம் நம்பர் அறைக்கு அடிக்கடி வருகிறார். அலமாரி முன்னால் நின்று லாடம் மாதிரி இருக்கிற அந்த மீனையே வெகுநேரம் பார்க்கிறார். ஆனால் இரண்டு கையையும் பின்னால் இறுக்கிக் கட்டிக்கொண்டுதான் வருகிறார். கிண்ணம் நிறைந்துகொண்டிருக்கிறது.